டென்னசி வளர்த்த எதிரிகள்

அமெரிக்கக் கல்லூரிப் பெண்கள் கூடைப்பந்து என்று பேச்செடுத்தால் இன்று எல்லோர் வாயிலும் முதலில் வருவது கனெக்டிகட் பல்கலைக்கழகம். நியாயம்தான். 2025 வரை 12 தேசியக் கோப்பைகளை வென்ற அணியை வேறெங்கே வைப்பது? அடுத்து தென் கரோலினா என்பார்கள், லூசியானா மாநிலப் பல்கலைக்கழகம் என்பார்கள். டென்னசியின் பெயர் வரும்போது மட்டும் "ஒரு காலத்தில்" என்ற சொல்லும் கூடவே ஒட்டிக்கொண்டு வரும். கேட்கும்போதெல்லாம் எனக்கு எரிச்சல் வருகிறது.

கணக்குப்படி பார்த்தால் அவர்கள் சொல்வதில் தவறில்லை. டென்னசி கடைசியாகக் கோப்பை வென்றது 2008-இல். அதன் பிறகு 2025 வரை கடைசி நான்கு அணிகள் மோதும் சுற்றுக்குக்கூட அது போகவில்லை. ஆனால் அந்த அணியை முந்திச் சென்றவர்கள் யார், அவர்கள் எங்கே கற்றுக்கொண்டார்கள், யாருடைய தயவில் தொலைக்காட்சிக்கு வந்தார்கள் என்று ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே போனால், பல வழிகள் டென்னசி பல்கலைக்கழகம் இருக்கும் நாக்ஸ்வில் நகரில் வந்து முடிகின்றன. டென்னசியின் எதிரிகளில் பலரை டென்னசியே வளர்த்துவிட்டது என்பது என் கட்சி.

முதலில் பழைய கதை. ஜேம்ஸ் நெய்ஸ்மித் 1891-இல் மாசசூசெட்ஸின் ஸ்பிரிங்ஃபீல்டில் இந்த விளையாட்டை உருவாக்கிய சில மாதங்களிலேயே பெண்கள் அதைக் கையில் எடுத்துக்கொண்டார்கள். பக்கத்து ஊரிலிருந்த ஸ்மித் கல்லூரியில் செண்டா பெரன்சன் என்ற ஆசிரியை, ஆடுகளத்தை மூன்று பகுதிகளாகப் பிரித்து, ஒரு பகுதியில் நிற்பவர் இன்னொரு பகுதிக்குப் போகக்கூடாது என்று விதி வகுத்தார். அதிகம் ஓடினால் பெண்களின் உடம்பு தாங்காது என்று நம்பிய காலம் அது. 1893-இல் அங்கே நடந்த முதல் ஆட்டத்தைப் பார்க்க ஆண்களுக்கு அனுமதி கிடையாது.

டென்னசி பல்கலைக்கழகத்தில் 1903-லேயே பெண்கள் அணி இருந்தது. இது பலருக்குத் தெரியாது. பின்னாளில் புகழ்பெற்ற பயிற்சியாளர் பொறுப்பேற்ற 1974-க்கு முன்பு அங்கே ஒன்றுமே இல்லை என்பதுபோல்தான் எழுதுகிறார்கள். இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆடிய அந்த அணி 1920-களின் நடுவில் நிறுத்தப்பட்டது. அன்றைக்கு நாடு முழுவதும் வீசிய காற்று அப்படி. அதை ஆண்கள் மட்டும் ஊதிவிடவில்லை என்பதுதான் வேடிக்கை. பின்னாளில் அமெரிக்க அதிபரின் மனைவியான லூ ஹென்றி ஹூவர் தலைமையில் 1923-இல் கூடிய பெண் உடற்கல்வியாளர்கள், போட்டி மனப்பான்மையும் டிக்கெட் வசூலும் பெண்களைக் கெடுத்துவிடும் என்று முடிவு கட்டினார்கள். பல கல்லூரிகளின் மாணவிகளைக் கலந்து அணி பிரித்து ஆடவைத்து, நடுவில் பலகாரமும் கொடுத்து அனுப்பும் 'விளையாட்டு நாள்' போதும் என்றார்கள். நல்லெண்ணம்தான். அந்த நல்லெண்ணம் ஒரு தலைமுறைக்கும் மேலான பெண்களின் ஆட்டத்தை விழுங்கிவிட்டது. டென்னசியில் அணி மீண்டும் தலைகாட்டியது 1960 வாக்கில்தான்.

தடை நீங்கிய பிறகும் அந்த மாநிலத்தின் பள்ளிகளில் ஒரு கோடு மட்டும் அழியாமல் இருந்தது. ஆடுகளத்தின் நடுக்கோடு. பெண்கள் அணிக்கு ஆறு பேர். மூன்று பேர் ஒரு பாதியில் கூடை போடுபவர்கள், மூன்று பேர் மறு பாதியில் தடுப்பவர்கள். தடுப்பவள் எதிரணியின் பந்தைப் பறித்துவிட்டாள் என்று வையுங்கள். நடுக்கோடு வரை தட்டிக்கொண்டு வருவாள். அங்கே நின்றுவிட வேண்டும். கோட்டுக்கு அப்பால் நிற்கும் தோழியிடம் பந்தைக் கொடுத்துவிட்டு, இடுப்பில் கைவைத்துக்கொண்டு, தன் அணி கூடை போடுகிறதா என்று அங்கிருந்தே வேடிக்கை பார்க்க வேண்டும். ஒரு முறைகூடக் கூடையை நோக்கிப் பந்தை எறியாமலேயே பள்ளி வாழ்க்கையை முடித்த ஆட்டக்காரிகள் இப்படித்தான் உருவானார்கள். ஐயோவா மாநிலத்தில் இந்த முறை 1993 வரை நீடித்தது என்பதை முதன்முறை படித்தபோது அச்சுப்பிழை என்றுதான் நினைத்தேன்.

இந்தச் சூழலில்தான் பேட்ரிஷியா ஹெட் என்ற பண்ணைவீட்டுப் பெண் வருகிறாள். 1952-இல் பிறந்தவள். மூன்று அண்ணன்கள், ஒரு தங்கை. பள்ளி விட்டு வந்தால் புகையிலை வயலில் வேலை, வைக்கோல் கட்டும் வேலை. இரவு சாப்பாட்டுக்குப் பிறகு வைக்கோல் பரணில் அப்பா விளக்குப் போட்டு மாட்டித் தந்த வளையத்தின் கீழே, அண்ணன்களோடு இரண்டுக்கு இரண்டு ஆட்டம். தங்கச்சியாயிற்றே என்று யாரும் விட்டுக்கொடுக்கவில்லை. உயர்நிலைப் பள்ளிக்குப் போகும் வயதில், அந்தப் பகுதிப் பள்ளியில் பெண்கள் அணி இல்லை என்று தெரிந்ததும் அப்பா ரிச்சர்ட் ஹெட் செய்த காரியம் பெரிது: பெண்கள் அணி உள்ள பள்ளியில் மகள் சேர வேண்டும் என்பதற்காகக் குடும்பத்தையே பக்கத்து மாவட்டத்து ஹென்ரியெட்டா என்ற சிற்றூருக்குக் கொண்டுபோய்விட்டார். அதே அப்பா மகளைக் கட்டியணைத்துப் பாராட்டியது அவளுக்கு 43 வயதாகி, நான்காவது கோப்பையை வென்ற பிறகுதான்.

1974-இல் அவருக்கு வயது 22. முழங்கால் தசைநார் கிழிந்து, இனி ஆடவே முடியாது என்று மருத்துவர் கைவிரித்திருந்த நேரம். டென்னசி பல்கலைக்கழகத்தில் முதுகலை படித்துக்கொண்டே துணைப் பயிற்சியாளராக இருக்கலாம் என்று போனார். அதற்குள் தலைமைப் பயிற்சியாளர் மார்கரெட் ஹட்சன் படிப்பு விடுப்பில் போய்விட, அணி முழுவதும் இவர் தலையில் வந்து விழுந்தது. சம்பளம் மாதம் 250 டாலர். படிக்கவும் வேண்டும், உடற்கல்வி வகுப்பு எடுக்கவும் வேண்டும், மாண்ட்ரீல் ஒலிம்பிக்கில் ஆடுவதற்காக முழங்காலைத் தேற்றவும் வேண்டும். அணியின் வேனை ஓட்டுவதும் சீருடை துவைப்பதும் அவர்தான். அந்தச் சீருடையே முந்தைய ஆண்டு வீராங்கனைகள் டோனட் விற்றுச் சேர்த்த காசில் வாங்கியது. வெளியூர் ஆட்டத்துக்குப் போனால் எதிரணியின் உடற்பயிற்சிக் கூடத்திலேயே பாய் விரித்துப் படுத்த இரவும் உண்டு.

ஆட்டக்காரிகளில் சிலர் அவரைவிட ஒரே ஒரு வயதுதான் இளையவர்கள். மரியாதை எப்படி வரும்? அதட்டித்தான் வரவழைக்க வேண்டும் என்று நினைத்தார் போலும். தேர்வுப் பயிற்சியின்போது ஆடுகளத்தின் கோடுகளுக்கிடையே முன்னும் பின்னும் ஓடவிட்டார். ஓடிக்கொண்டிருந்த நான்கு பெண்கள் திரும்பும் இடத்தில் திரும்பாமல், அப்படியே கதவைத் தாண்டிப் படியேறிப் போனார்கள். பிறகு அவர்களைப் பார்க்கவே இல்லை என்று அவரே பின்னாளில் சிரித்துக்கொண்டு சொல்லியிருக்கிறார். அந்த நால்வர் மேல் எனக்குக் கொஞ்சம் அனுதாபம் உண்டு. 1974 டிசம்பரில் நடந்த முதல் ஆட்டத்தில் மெர்சர் பல்கலைக்கழகத்திடம் 84-83 என்று ஒரு புள்ளியில் தோல்வி.

அந்த ஒரு புள்ளித் தோல்வியில் தொடங்கிய கணக்கு 38 பருவங்களில் 1,098 வெற்றி, 208 தோல்வி என்று முடிந்தது. 1980-இல் திருமணமான பிறகு அவர் பேட் சம்மிட். உலகம் அறிந்த பெயர் அதுதான்.

கல்வி நிலையங்களில் பாலினப் பாகுபாடு கூடாது என்ற 1972-ஆம் ஆண்டுச் சட்டம் அவருக்குத் துணை நின்றது. 'டைட்டில் நைன்' என்று அமெரிக்கர்கள் சொல்லும் அந்தச் சட்டம் வந்ததும் பல்கலைக்கழகங்கள் தாமாக மனம் மாறிவிடவில்லை. முணுமுணுத்துக்கொண்டு, இழுத்தடித்து, கொஞ்சம் கொஞ்சமாகத்தான் இறங்கிவந்தன. நடுக்கோட்டு விவகாரமோ நீதிமன்றம் வரை போயிற்று. ஓக் ரிட்ஜ் ஊரைச் சேர்ந்த ஒரு பள்ளி மாணவி, "நான் தடுப்பு ஆட்டக்காரி, என்னைக் கூடை போடவே விடாவிட்டால் எந்தக் கல்லூரி எனக்கு உதவித்தொகை தரும்?" என்ற பொருளில் மாநிலப் பள்ளி விளையாட்டுச் சங்கத்தின் மேல் வழக்குத் தொடுத்தாள். சம்மிட் அவள் பக்கம் சாட்சி சொன்னார். கீழ் நீதிமன்றத்தில் 1976-இல் வெற்றி; மேல்முறையீட்டில் 1977-இல் தீர்ப்பு தலைகீழானது. ஆனால் எழுப்பிய கேள்வி சும்மா விடவில்லை. 1979-80 பருவத்திலிருந்து டென்னசிப் பள்ளிப் பெண்கள் ஐந்து பேராக முழு ஆடுகளத்தில் ஓடத் தொடங்கினார்கள். சம்மிட் வென்ற எட்டுக் கோப்பைகளோடு இதையும் வைத்து எண்ண வேண்டும் என்று எனக்குத் தோன்றும். தன் அணிக்கு மட்டும் ஆதாயம் தேடியிருந்தால் அவர் முழு ஆடுகளத்தில் பழகிய வெளிமாநிலப் பெண்களைச் சேர்த்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம்.

கோப்பை அவ்வளவு எளிதில் கைக்கு வரவில்லை. 1980 இறுதிப்போட்டியில் ஓல்ட் டொமினியனிடமும் 1981-இல் லூசியானா டெக்கிடமும் தோல்வி. அதுவரை பெண்கள் விளையாட்டைத் தனி அமைப்பொன்று நடத்திவந்தது. 1982-இல் ஆண்கள் விளையாட்டை நடத்தும் என்.சி.ஏ.ஏ. அதையும் எடுத்துக்கொண்டது. அங்கும் 1984 இறுதிப்போட்டியில் ஷெரில் மில்லர் ஆடிய தெற்கு கலிஃபோர்னியா அணியிடம் தோல்வி. அதே கோடையில் லாஸ் ஏஞ்சலிஸ் ஒலிம்பிக்கில் அமெரிக்கப் பெண்களுக்குத் தங்கம் வாங்கித் தந்த பயிற்சியாளர் அவர்தான் என்றாலும், "பெரிய ஆட்டத்தில் கோட்டை விடுபவர்" என்ற பேச்சு ஓயவில்லை.

அது 1987-இல் ஓய்ந்தது. ஆஸ்டின் நகரில் நடந்த இறுதிப்போட்டியில் லூசியானா டெக்கை 67-44 என்று சுருட்டினார்கள். 44 புள்ளி என்பதைக் கவனியுங்கள். தாக்குதல் டிக்கெட் விற்கும், தடுப்பு ஆட்டத்தை வெல்லும், ரீபவுண்ட் கோப்பையை வெல்லும் என்பது சம்மிட் அடிக்கடி சொன்னது. கூடையில் விழாமல் திரும்பும் பந்துக்காக எகிறுவதில் அழகு எதுவும் இல்லை. முழங்கை இடிக்கும், உதடு கிழியும், மறுநாள் செய்தித்தாளில் பெயரும் வராது. அதைச் செய்ய விரும்பாதவர்களுக்கு அவர் அணியில் இடமில்லை.

அந்த ஆண்டு டிசம்பரில் நடந்ததுதான் என் வாதத்துக்கு நல்ல சாட்சி. புதிதாகத் திறந்திருந்த தாம்சன்-போலிங் அரங்கில் டெக்சஸ் அணியோடு ஆட்டம். பார்க்க வந்தவர்கள் 24,563 பேர். பெண்கள் கல்லூரிக் கூடைப்பந்தில் அதுவரை கூடாத கூட்டம். அவ்வளவு பேர் முன்னிலையில் நடப்புச் சாம்பியனான டென்னசி 97-78 என்று தோற்றது. நோஞ்சான் அணியொன்றை அழைத்து வந்து புரட்டியெடுத்திருந்தால் ஊர்க்காரர்களுக்கு இனித்திருக்கும். சம்மிட் அட்டவணை போட்ட விதமே வேறு. நாட்டின் முதல் பத்து அணிகளில் எத்தனை கிடைக்குமோ அத்தனையையும் தேடிப் பிடித்து ஆடுவது, அவர்கள் ஊருக்கும் போய் ஆடுவது, அதனால் வரும் தோல்வியைச் சுமப்பது. டென்னசி வருகிறது என்றால் எந்த ஊரிலும் டிக்கெட் விற்றது. அந்தக் கூட்டத்தில் பாதி, மறு ஆண்டு உள்ளூர் அணிக்கே கூட்டமாயிற்று.

வெர்ஜீனியாவோடு நடந்த கதையைச் சொல்லாமல் போக முடியாது. 1990-இல் இறுதிச் சுற்றுகள் நாக்ஸ்விலிலேயே நடக்கவிருந்தன. சொந்த அரங்கு, சொந்த மக்கள், 1989 கோப்பை வேறு கையில். அதற்கு ஒரு படி முன்னால் வெர்ஜீனியா வந்து கூடுதல் நேரத்தில் வீழ்த்திவிட்டது. தங்கள் ஊரில் நடந்த திருவிழாவை டென்னசிப் பெண்கள் பார்வையாளராகத்தான் பார்த்தார்கள். அந்த செப்டம்பரில் நிறைமாதக் கர்ப்பிணியான சம்மிட், மிஷெல் மார்சினியாக் என்ற பள்ளி ஆட்டக்காரியை அணியில் சேர்க்கப் பென்சில்வேனியாவுக்குச் சிறு விமானத்தில் பறந்தார். அங்கே போன இடத்தில் பனிக்குடம் உடைந்துவிட்டது. பேச வந்ததைப் பேசி முடித்துவிட்டுத்தான் கிளம்பினார். திரும்பும் வழியில் வலி கூடியது. பக்கத்தில் துணைப் பயிற்சியாளர் மிக்கி டிமாஸ் கதிகலங்கி உட்கார்ந்திருக்கிறார். விமானி, வெர்ஜீனியாவில் இறக்கிவிடட்டுமா என்று கேட்கிறார். எந்த மாநிலத்தில் வேண்டுமானாலும் பிள்ளை பெறுவேன், வெர்ஜீனியாவில் மட்டும் மாட்டேன் என்பது சம்மிட்டின் பதில். மகன் டைலர் நாக்ஸ்விலில்தான் பிறந்தான். இதைப் பிடிவாதம் என்பதா, பைத்தியம் என்பதா? இரண்டும் இல்லாமல் 1,098 வெற்றி வந்திருக்காது.

அந்தக் கதைக்கு வால் இரண்டு உண்டு. அன்று பார்க்கப் போன மார்சினியாக் முதலில் நோட்டர் டேம் போய்விட்டார். ஒரே ஆண்டில் மனம் மாறி டென்னசிக்கு வந்தார். 1996 இறுதிச் சுற்றில் சிறந்த ஆட்டக்காரி அவர்தான். இரண்டாவது, 1991 இறுதிப்போட்டி. எதிரே அதே வெர்ஜீனியா. மீண்டும் கூடுதல் நேரம். இம்முறை 70-67 என்று டென்னசி வென்றது. தோற்ற அணியில் ஆடினாலும் சிறந்த ஆட்டக்காரி விருதைத் தட்டிச் சென்ற பெண் ஒருத்தி இருந்தாள். பெயர் டான் ஸ்டேலி. இன்று தென் கரோலினாவின் பயிற்சியாளர். 2017, 2022, 2024 என்று மூன்று கோப்பைகள். டென்னசி ஆடும் அதே தென்கிழக்குக் கல்லூரி அணிகளின் கூட்டமைப்பில் இருந்துகொண்டு டென்னசியையே ஆண்டுக்காண்டு வதைக்கும் அணி அவருடையது. லூசியானா மாநிலப் பல்கலைக்கழகத்தின் பயிற்சியாளர் கிம் மல்கி? 1984 ஒலிம்பிக் அணியில் சம்மிட்டிடம் ஆடியவர்.

சரி, கனெக்டிகட். 1995 ஜனவரியில் மார்ட்டின் லூதர் கிங் விடுமுறை நாளில் நல்லதொரு பெண்கள் ஆட்டத்தை ஒளிபரப்ப ஈஎஸ்பிஎன் விரும்பியது. வடகிழக்கின் குளிர் மூலையில் ஜீனோ ஆரியெம்மா என்பவர் வளர்த்துவந்த அணியோடு, அவர்கள் ஊரிலேயே ஆட முடியுமா என்று கேட்டார்கள். டென்னசி அன்று முதலிடத்தில் இருந்தது; போனால் லாபம் ஒன்றுமில்லை. ஆட்டத்துக்கு நல்லது என்று சொல்லி சம்மிட் ஒப்புக்கொண்டார். கனெக்டிகட் 77-66 என்று வென்று முதலிடத்துக்கு ஏறியது. ஏப்ரலில் மினியாபோலிஸில் நடந்த இறுதிப்போட்டியிலும் 70-64 என்று வென்று, 35 ஆட்டத்தில் ஒன்றுகூடத் தோற்காமல் முதல் கோப்பையை எடுத்துப் போனது. இன்றைய 12 கோப்பைகளுக்குப் பிள்ளையார் சுழி அந்த ஜனவரிப் பிற்பகலில் போடப்பட்டது. போட்டதில் டென்னசிக்கும் பங்கு உண்டு.

இரவில் தூக்கம் வராதபோது பழைய ஆட்டங்களை யூடியூபில் பார்ப்பது என் வழக்கம். இந்த இரு அணிகளும் மோதியதில் எனக்குப் பிடித்தது 1997-இல் ஐயோவா சிட்டியில் நடந்தது. அந்தப் பருவம் டென்னசிக்குச் சரியே இல்லை. பந்தை நடத்திச் செல்லும் கெல்லி ஜாலிக்குப் பருவம் தொடங்கும் முன்பே முழங்கால் போய்விட்டது. குணமாகித் திரும்பி வருவதற்குள் அணி தோல்வி மேல் தோல்வி. எதிரே கனெக்டிகட், அந்தப் பருவத்தில் ஒரு தோல்விகூட இல்லாமல். டென்னசி 91-81 என்று அவர்களை வெளியேற்றியது. பிறகு ஓல்ட் டொமினியனைத் தோற்கடித்து, 29 வெற்றி 10 தோல்வி என்ற கணக்கோடு கோப்பையையும் தூக்கியது. பத்துத் தோல்வியோடு சாம்பியன்! கனமான அட்டவணை வீண்போகவில்லை என்பதற்கு இதைவிட என்ன வேண்டும்?

மறு ஆண்டு அதற்கு நேர்மாறு. நியூயார்க்கின் குவீன்ஸிலிருந்து வந்த ஷமீக் ஹோல்ட்ஸ்க்ளா, புதிதாகச் சேர்ந்த டமீகா கேட்சிங்ஸ், செமீகா ராண்டால். பெயர் ஒலிப்பை வைத்து மூவரையும் 'மீக்ஸ்' என்றே அழைத்தார்கள். 39 ஆட்டம், 39 வெற்றி. அதில் ஒன்று மட்டும் கையைவிட்டுப் போகப் பார்த்தது: வட கரோலினாவிடம் இரண்டாம் பாதியில் 12 புள்ளி பின்தங்கி, கடைசி நிமிடங்களில் மீண்டார்கள். தொடர்ந்து மூன்றாவது கோப்பை. ஹோல்ட்ஸ்க்ளா பந்தோடு எழும்பி, தடுக்க வந்தவள் கீழிறங்கிய பிறகும் காற்றில் ஒரு கணம் நிற்பதுபோல் நின்று விடுவிப்பார். இதைச் சொல்லிப் புரியவைக்க முடியாது, பார்க்க வேண்டும்.

களத்துக்கு வெளியே இருந்த கண்டிப்பைப் பற்றியும் ஒரு வார்த்தை. வகுப்பில் முதல் மூன்று வரிசைகளில்தான் உட்கார வேண்டும். வகுப்பைத் தவிர்க்கக் கூடாது. சம்மிட்டிடம் தங்கள் ஆடும் காலத்தை முழுதாக முடித்த அத்தனை பேரும் பட்டம் வாங்கினார்கள். கல்லூரி விளையாட்டின் பெயரால் படிப்பு எப்படியெல்லாம் பலியாகிறது என்று பார்த்தவர்களுக்கு இந்தச் செய்தியின் எடை தெரியும். கார்லா மெகீயின் கதை இன்னொன்று. 1987-இல் கார் விபத்தில் சிக்கி நினைவிழந்து கிடந்தவர், நடையிலிருந்து எல்லாவற்றையும் திரும்பப் பழகி, 1989-இல் கோப்பை வென்ற அணியில் ஆடினார். 1996-இல் ஒலிம்பிக் தங்கமும் வாங்கினார்.

2000-க்குப் பிறகு தராசு சாயத் தொடங்கியது. 2000, 2003, 2004 என்று மூன்று இறுதிப்போட்டிகளில் கனெக்டிகட்டிடம் தோல்வி. ஆனாலும் அரங்கு நிரம்பி வழிந்தது. 2006 ஜனவரியில் அதே கனெக்டிகட்டோடு நடந்த ஆட்டத்துக்கு 24,653 பேர். அந்த ஆண்டுதான் சம்மிட்டின் ஊதியம் ஆண்டுக்குப் பத்து லட்சம் டாலரைத் தாண்டியது; பெண்கள் கூடைப்பந்தில் அந்தத் தொகையைத் தொட்ட முதல் பயிற்சியாளர் அவர். காண்டேஸ் பார்க்கர் என்ற ஆறடி நான்கங்குலப் பெண் 2007, 2008 இரண்டு கோப்பைகளையும் ஏறக்குறையத் தன் தோளில் சுமந்தார். இரண்டாவது ஆண்டில் இடது தோள் மூட்டு நழுவியிருந்தது என்பதால் இந்தச் சொல்லாட்சியை யோசித்தே போடுகிறேன்.

2007-இல் சம்மிட் ஒரு முடிவெடுத்தார்: கனெக்டிகட்டோடு இனி வழக்கமான ஆட்டம் இல்லை. மாயா மூர் என்ற ஆட்டக்காரியை கனெக்டிகட் சேர்த்துக்கொண்ட விதம் பற்றிய மனக்கசப்புதான் காரணம் என்று பேசிக்கொண்டார்கள்; அவர் வெளிப்படையாக விளக்கவில்லை. அவருக்குக் கோபப்பட நியாயம் இருந்திருக்கலாம். ஆனாலும் அவர் எடுத்த முடிவுகளில் எனக்கு உடன்பாடில்லாதது இது ஒன்றுதான். யாரோடும் எங்கும் ஆடுவோம் என்று முப்பது ஆண்டு சொன்ன அணி, நாடே பார்க்க விரும்பிய ஆட்டத்திலிருந்து தானே விலகிக்கொண்டது. பள்ளிப் பெண்கள் சேரும் கல்லூரியைத் தேர்ந்தெடுக்கும்போது தொலைக்காட்சியில் யாரைப் பார்த்தார்கள் என்பது சின்ன விஷயமில்லை.

2011 ஆகஸ்டில், 59 வயதில், தனக்கு அல்சைமர் வகை மறதிநோய் தொடங்கிவிட்டது என்று அறிவித்தார். மறைத்துவைத்து விலகியிருக்கலாம், ஒரு பருவம் முழுக்க எல்லோர் கண்முன்னும் பெஞ்சில் உட்கார்ந்தார். வேலையில் பெரும்பகுதியை ஹாலி வார்லிக் பார்த்துக்கொண்டார். 1970-களின் இறுதியில் சம்மிட்டிடமே ஆடி, பின்பு கால் நூற்றாண்டுக்கும் மேல் துணையாக நின்றவர். 2012 ஏப்ரலில் பொறுப்பு முறைப்படி கைமாறியது. சம்மிட் 2016 ஜூன் 28 அன்று காலமானார். வயது 64.

பல்கலைக்கழகம் அந்த இடைவெளியில் நடந்துகொண்டதும் கதையின் பகுதிதான். பெண்களுக்கென்று தனியாக இயங்கிய விளையாட்டுத் துறையை ஆண்கள் துறையோடு இணைத்தார்கள். 2014-இல், டென்னசியின் பெண்கள் அணிகள் எல்லாவற்றுக்கும் வழங்கிவந்த 'லேடி வால்ஸ்' என்ற பெயர் இனிக் கூடைப்பந்துக்கு மட்டும், மற்ற பெண்கள் அணிகள் அதை விட்டுவிட வேண்டும் என்று அறிவித்தார்கள். பெண்களின் ஆட்டத்தை வைத்தே உலகப் பெயர் வாங்கிய நிறுவனத்துக்கு அந்தப் பெயர் திடீரென்று கசந்துவிட்டது. பழைய ஆட்டக்காரிகளும் ரசிகர்களும் விடாமல் சண்டை போட்டதில் 2017-இல் பெயர் திரும்ப வந்தது.

வார்லிக் 2019-இல் நீக்கப்பட்டார். அடுத்து வந்தவர் கெல்லி ஹார்ப்பர். முழங்கால் தேறி வந்து 1997-இல் ஆடினாரே, அதே கெல்லி ஜாலி. அவருக்குக் கிடைத்தது ஐந்து ஆண்டுகள். 2024-இல் கிம் கால்டுவெல் வந்தார். நாக்ஸ்வில் பாரம்பரியத்தோடு எந்தத் தொடர்பும் இல்லாதவர். ஐஸ் ஹாக்கியில் செய்வதுபோல ஐந்து பேரையும் மொத்தமாக இறக்கி, மொத்தமாக மாற்றி, ஆட்டம் முழுக்க எதிரணியை முழு ஆடுகளத்திலும் துரத்தும் பாணி அவருடையது. பழைய ரசிகர்களில் சிலருக்கு இந்த இரைச்சல் பிடிக்கவில்லை. எனக்குப் பிடித்திருக்கிறது, சம்மிட்டையே பிரதியெடுக்க முயன்று ஆண்டுகளைக் கழித்த அணிக்கு வெளியாள் ஒருவர் தேவைப்பட்டார்.

கனெக்டிகட்டோடான ஆட்டங்கள் 2020-இல் மீண்டும் தொடங்கின. தொடக்கத்தில் எல்லாம் தோல்விதான். 2025 பிப்ரவரி 6 அன்று நாக்ஸ்விலில் டென்னசி 80-76 என்று வென்றது. 2007-க்குப் பிறகு அந்த அணியிடம் கிடைத்த முதல் வெற்றி. இரண்டு மாதம் கழித்து தேசியக் கோப்பையைத் தூக்கியது கனெக்டிகட்தான். ஆனால் அந்த அணி அந்தப் பருவத்தில் தோற்ற மூன்றே ஆட்டங்களில் ஒன்று நாக்ஸ்வில் ஆட்டம். கால்டுவெல்லுக்கு எத்தனை ஆண்டு அவகாசம் கொடுப்பார்கள் என்று இப்போதே பந்தயம் கட்டுகிறார்கள். என்னைக் கேட்டால், அட்டவணையை மட்டும் அவர் இளக்காமல் இருந்தால் போதும்.